நீரெலிக்குப் பெயர் சூட்டியவர்

எலி என்ற சொல்லைக் கேட்டவுடன் பெஞ்சின் மேல் ஏறி நிற்பவர்கள் நம்மில் பலர். ஆனால் எல்லா எலியும் அரிசி மூட்டையைக் கடிக்கும் எலி அல்ல. ஆஸ்திரேலியாவிலும் நியூகினித் தீவிலும் ஆற்றில் நீந்தி மீன் பிடித்து உண்ணும் எலி ஒன்று உண்டு. அதன் வயிறு பொன்னிறம். வாலின் நுனி மட்டும் சுண்ணாம்பில் தோய்த்தெடுத்தது போல வெள்ளை. பார்ப்பதற்கு நீர்நாயின் தம்பி போல இருக்கும் அந்தப் பிராணியின் பேரினத்துக்கு ஹைட்ரோமிஸ் என்று பெயர். கிரேக்க மொழியில் நீரெலி என்று பொருள். இப்பெயரைச் சூட்டியவர் பிரெஞ்சு நாட்டு விலங்கியல் மேதை எட்டியன் ஜெஃப்ராய் செயின்ட் ஹிலேர். பாடநூல்களில் அவரைப் பற்றி மிஞ்சிப் போனால் இரண்டு வரிதான் இருக்கும். அந்த இரண்டு வரிக்குள் அடங்குகிற வாழ்க்கை அல்ல அவருடையது.

பாரிஸ் மாநகருக்குத் தெற்கே எட்டாம்ப் என்னும் ஊரில் 1772 ஆம் ஆண்டு ஏப்ரல் 15 ஆம் நாள் ஜெஃப்ராய் பிறந்தார். தந்தையார் சட்டம் கற்றவர். பெரிய குடும்பம், ஆனால் பெரிய வருமானம் இல்லை. மகனைக் குருவாக்க வேண்டும் என்பது வீட்டாரின் ஆசை. அதற்கேற்பப் பாரிசில் நவார் கல்லூரியில் சேர்த்தார்கள். சொந்த ஊர் ஆலயத்தில் சிறு மானியமும் சிறுவயதிலேயே கிடைத்தது. ஆனால் கல்லூரியில் இயற்பியல் வகுப்பைக் கேட்டதிலிருந்து சிறுவனின் உள்ளம் இயற்கையின் பக்கமே சாய்ந்துவிட்டது. குருத்துவப் படிப்பை விட்டுச் சட்டம் படித்தார், பிறகு மருத்துவம் என்றார், இரண்டிலும் மனம் ஒன்றவில்லை. எந்தத் துறையில் சேர்வது என்று தெரியாமல் தவிக்கும் பிள்ளைகளுக்கு இவர் ஓர் ஆறுதல் என்று நமக்குத் தோன்றுகிறது.

இறுதியில் கார்டினல் லெமுவான் கல்லூரியில் தங்கியிருந்தபோது அவருக்கு ஒரு குரு கிடைத்தார். இரு பொருளிலும் குரு. அவர்தான் அருட்தந்தை ரெனே ஜஸ்ட் அயூயி. ஏழை நெசவாளி ஒருவரின் மகனாகப் பிறந்து, குருவாகி, கல்லூரியில் கற்பித்துக்கொண்டே படிகக்கற்களை ஆராய்ந்தவர். கை தவறி விழுந்து உடைந்த ஒரு படிகத்தின் துண்டுகளை உற்றுநோக்கி, படிகங்கள் ஒரே ஒழுங்கான சிறு வடிவங்கள் அடுக்கி அமைந்தவை என்று கண்டவர். படிகவியலின் தந்தை என்று இன்றும் உலகம் அவரைப் போற்றுகிறது. ஜெஃப்ராய் அவரிடம் கனிமவியல் கற்றார். முதியவர் தோபந்தோனின் சொற்பொழிவுகளையும் விடாமல் கேட்டார்.

அப்போது பிரான்சில் புரட்சிக் காலம். 1790 இல் திருச்சபையை அரசின் கீழ்க் கொண்டுவரும் சட்டம் ஒன்று வந்தது. அதற்குக் கட்டுப்படுவதாகக் குருக்கள் யாவரும் உறுதிமொழி எடுக்க வேண்டும் என்றார்கள். மறுத்தவர்கள் நாட்டின் பகைவர்களாகக் கருதப்பட்டார்கள். 1792 ஆகஸ்டில் அரசர் ஆட்சி வீழ்ந்ததும் அப்படி மறுத்த குருக்களைத் தேடித் தேடிச் சிறைப்பிடித்தனர். அயூயியும் அவருடன் வாழ்ந்த குருக்களும் பக்கத்திலேயே இருந்த புனித ஃபிர்மின் குருமடத்தில் அடைக்கப்பட்டார்கள். குருமடமே சிறையாகிவிட்டது. அருட்தந்தை அயூயி அங்கே கவலைப்பட்டது ஒன்றே ஒன்றுக்குத்தான்: தம் படிகங்கள் இருந்த இழுப்பறைகளை வரவழைத்து அவற்றை மறுபடி ஒழுங்குபடுத்தத் தொடங்கிவிட்டாராம்.

மாணவருக்கோ தூக்கமில்லை. இருபது வயது இளைஞரான ஜெஃப்ராய் தோபந்தோனிடம் ஓடினார், அறிவியற் கழகத்தார் ஒவ்வொருவர் வீட்டுக் கதவையும் தட்டினார். அவர்கள் கேட்டதன் பேரில் அயூயியை விடுவிக்கும் ஆணை பிறந்தது. ஆகஸ்டு 14 ஆம் நாள் இரவு அந்த ஆணையைக் கையில் ஏந்தி மூச்சிரைக்கக் குருமடத்துக்கு வந்தார் மாணவர். அருட்தந்தையோ, இரவாகிவிட்டது, காலையில் போகலாம் என்று இருந்துவிட்டார்! மறுநாள் மரியன்னையின் விண்ணேற்புத் திருநாள். அன்று காலையில் அவரை ஏறக்குறைய இழுத்துக்கொண்டுதான் வெளியே வர வேண்டியிருந்தது.

தம் ஆசிரியர் தப்பியதோடு ஜெஃப்ராய் நிம்மதியாக இருந்திருக்கலாம். மற்ற குருக்கள் இன்னும் உள்ளேயே இருந்தார்கள். செப்டம்பர் 2 ஆம் நாள், ஞாயிற்றுக்கிழமை. பாரிசின் சிறைகளில் வன்முறைக் கும்பல்கள் நுழைந்து கைதிகளைக் கொல்லத் தொடங்கின. செய்தி பரவிய அன்று பிற்பகலே ஜெஃப்ராய் சிறை ஆய்வாளரின் சின்னத்தையும் அடையாள அட்டையையும் எப்படியோ தேடிப் பெற்று, அந்த வேடத்தில் புனித ஃபிர்மினுக்குள் துணிந்து நுழைந்தார். தப்பிச் செல்ல வழி இருக்கிறது என்று குருக்களிடம் சொன்னார். அவர்களில் ஒருவரான அருட்தந்தை கெரன்ரான், தாங்கள் சிலர் மட்டும் போய்விட்டால் எஞ்சியிருக்கும் சகோதரர்களின் கதி இன்னும் மோசமாகும் என்று கூறி மறுத்துவிட்டார். போகும்படி இவர் கெஞ்ச, போகமாட்டோம் என்று அவர்கள் நிற்க, வந்த வழியே திரும்ப வேண்டியதாயிற்று.

ஆயினும் அவர் விடவில்லை. இரவு வந்ததும் ஏணி ஒன்றைத் தூக்கிக்கொண்டு, பகலில் குறிப்பிட்டுச் சொல்லியிருந்த மதில் மூலைக்குப் போய்ச் சாத்தினார். எட்டு மணி நேரத்துக்கும் மேலாக அந்த இருட்டில் காத்திருந்தார். ஒருவரும் வரவில்லை. தெருவில் ஆயுதம் தாங்கியவர்கள் நடமாடிய இரவு அது. கண்டுவிட்டால் ஏணிக்கு என்ன காரணம் சொல்வது? அதை நினைத்தாலே நமக்கு உடல் நடுங்குகிறது. கடைசியில் மதிலின் மேல் ஒரு தலை தெரிந்தது. ஒருவர் பின் ஒருவராகப் பன்னிரண்டு குருக்கள் இறங்கினார்கள். அவர்களில் ஒருவருக்கு இறங்கும்போது காலில் அடிபட்டுவிட, ஜெஃப்ராய் அவரைத் தம் தோளில் சுமந்து பாதுகாப்பான இடத்தில் விட்டுவிட்டு மீண்டும் ஏணிக்கே வந்தார். பொழுது புலர்ந்தது. துப்பாக்கிக் குண்டு ஒன்று அவர் உடையைத் துளைத்துக்கொண்டு போயிற்று. அதன் பிறகே அவர் அங்கிருந்து அகன்றார்.

அன்று புனித ஃபிர்மினில் எழுபதுக்கும் மேற்பட்டவர்கள் கொல்லப்பட்டார்கள். அந்த செப்டம்பர் நாட்களில் உயிர் கொடுத்த மறைசாட்சிகளில் 191 பேருக்குத் திருத்தந்தை பதினொன்றாம் பத்திநாதர் 1926 ஆம் ஆண்டு அருளாளர் பட்டம் வழங்கினார். ஜெஃப்ராய் எட்டாம்புக்குத் திரும்பிக் கடுங்காய்ச்சலில் விழுந்தார். பல வாரம் எழுந்திருக்க முடியவில்லை. அருட்தந்தை அயூயி அவருக்குக் கடிதங்கள் எழுதித் தேற்றினார். தம்மை மீட்ட பிள்ளையைச் சொந்தப் பிள்ளைபோல் ஏற்றுக்கொள்ளும்படி தோபந்தோனிடமும் வேண்டிக்கொண்டார்.

அந்த வேண்டுகோளின் பயன் விரைவில் தெரிந்தது. 1793 ஜூன் மாதம் பாரிசின் அரச தோட்டம் இயற்கை வரலாற்று அருங்காட்சியகமாக மாற்றப்பட்டு, பன்னிரண்டு பேராசிரியர்கள் நியமிக்கப்பட்டார்கள். முதுகெலும்புள்ள விலங்குகளுக்கான பேராசிரியர் பதவி ஜெஃப்ராய்க்கு வந்தது. வயது 21. அதுவரை அவர் படித்ததெல்லாம் கற்களைப் பற்றி! தமக்குத் தகுதியில்லை என்று தயங்கியவரைத் தோபந்தோன்தான் வற்புறுத்தி ஏற்கச் செய்தார். பூச்சி, புழுக்களின் துறையை ஏற்ற லாமார்க் அப்போது ஐம்பதை நெருங்கிக்கொண்டிருந்தார் என்பதை நினைத்தால் இளையவரின் நிலை நமக்குப் புரியும்.

அதே ஆண்டு நவம்பரில் ஒரு வேடிக்கை நடந்தது. தெருவில் விலங்குகளை வைத்து வித்தை காட்டுவதைக் காவல்துறை தடை செய்து, பிடிபட்ட விலங்குகளை எல்லாம் அருங்காட்சியக வாசலில் கொண்டுவந்து நிறுத்திவிட்டது. வெள்ளைக் கரடி, சிறுத்தை, குரங்குகள் என்று ஒரு கூட்டம். கூண்டுமில்லை, தீனிக்குப் பணமுமில்லை. யாரையும் கேட்டுக்கொண்டிராமல் ஜெஃப்ராய் அவற்றை உள்ளே ஏற்றுக்கொண்டார். பாரிசின் புகழ்பெற்ற விலங்குக் காட்சிசாலை இப்படித்தான் பிறந்தது.

1795 இல் நார்மண்டியில் வீட்டு ஆசிரியராக இருந்த ஓர் இளைஞரின் ஆய்வுக் குறிப்புகளைக் கண்டு வியந்து அவரைப் பாரிசுக்கு அழைத்தார். அந்த இளைஞர்தான் பிற்காலத்தில் உலகப் புகழ்பெற்ற ஜார்ஜ் குவியே. இருவரும் ஒரே வீட்டில் தங்கினார்கள், ஒன்றாக எழுதினார்கள். இந்த நட்பு எங்கே போய் முடிந்தது என்பதைப் பின்னால் காண்போம்.

1798 இல் நெப்போலியன் எகிப்துக்குப் படையெடுத்தபோது அறிஞர் கூட்டம் ஒன்றையும் உடன் அழைத்துச் சென்றார். குவியே மறுத்துவிட்டார், ஜெஃப்ராய் கப்பலேறினார். மூன்று ஆண்டுகளுக்கு மேல் அங்கே இருந்தார். நைல் நதியின் மீன்களையும் முதலைகளையும் ஆராய்ந்தார். பழங்காலக் கல்லறைகளிலிருந்து பதப்படுத்திய ஐபிஸ் பறவைகளைச் சேகரித்தார். 1801 இல் அலெக்சாந்திரியா நகரை ஆங்கிலப் படை முற்றுகையிட்டது. குண்டுகள் விழுந்துகொண்டிருந்த அந்நாட்களில் அவர் மின்சாரம் பாய்ச்சும் மீன்களை வைத்துக்கொண்டு இரவு பகலாக ஆராய்ந்தாராம். ஆராய்ச்சியாளர்களின் குணம் நமக்கு விளங்காத ஒன்று!

நகரம் சரணடைந்தது. அறிஞர்கள் சேர்த்த எல்லாவற்றையும் ஆங்கிலேயரிடம் ஒப்படைக்க வேண்டும் என்று உடன்படிக்கையில் ஒரு விதி இருந்தது. மூன்றாண்டு உழைப்பைப் பறிகொடுக்க ஜெஃப்ராய் இசையவில்லை. ஒப்படைப்பதைவிடத் தாங்களே அனைத்தையும் தீயிட்டு விடுவதாகவும், அலெக்சாந்திரியாவின் பழைய நூலகத்தை எரித்தவன் பெற்ற பழி ஆங்கிலத் தளபதியைச் சேரும் என்றும் எச்சரித்தார். வென்றவர் பக்கம் பீரங்கி இருந்தது, தோற்றவர் பக்கம் பாடம் செய்த பறவைகளும் புட்டியில் ஊறிய மீன்களும்தான் இருந்தன. ஆனாலும் அவர் சொல் வென்றது. புகழ்பெற்ற ரொசெட்டாக் கல் இங்கிலாந்துக்குப் போயிற்று. விலங்குச் சேகரிப்புகள் பாரிசுக்கு வந்து சேர்ந்தன.

இனி நீரெலிக்கு வருவோம். 1800 இல் கேப்டன் போதேன் தலைமையில் இரு பிரெஞ்சுக் கப்பல்கள் ஆஸ்திரேலியாவை ஆராயப் புறப்பட்டன. மிகவும் துன்பப்பட்ட பயணம். நோயால் பலர் மாண்டார்கள், போதேனும் திரும்பி வரும் வழியில் மொரீஷியஸ் தீவில் 1803 இல் இறந்தார். ஆனால் அக்கப்பல்கள் கொண்டுவந்த பொருட்களோ ஒரு லட்சத்துக்கும் மேல். பெட்டி பெட்டியாக வந்து இறங்கியவற்றில் டாஸ்மேனியாவை அடுத்த தீவுகளில் சுட்டுப் பிடித்த பெரிய எலிகள் சில இருந்தன. வேறு யாராவது இருந்தால் எலிதானே என்று அலமாரியில் தள்ளியிருப்பார்கள்.

ஜெஃப்ராய் அதன் வாயைத் திறந்து பார்த்தார். நம் வீட்டு எலிக்கு மேலும் கீழும் ஒவ்வொரு பக்கமும் மூன்று கடைவாய்ப் பற்கள். இந்தப் பிராணிக்கோ இரண்டு இரண்டுதான். முன்பற்களையும் சேர்த்துப் பன்னிரண்டே பற்கள். பின்னங்கால் விரல்களுக்கிடையே வாத்துக்கு இருப்பது போன்ற சவ்வு. தலை தட்டை, காது சிறிது, மீசை அடர்த்தி, மேனியெங்கும் நீர் ஒட்டாத மெத்தென்ற ரோமம். இது வேறு பேரினம் என்று முடிவு செய்து 1804 இல் ஹைட்ரோமிஸ் எனப் பெயரிட்டார். வயிறு பொன்னிறமாக இருந்ததற்குக் கிரைசோகாஸ்டர், அதாவது பொன்வயிறு என்று பெயர். வெள்ளை வயிற்று எலி ஒன்றுக்கு லியூகோகாஸ்டர் என்று தனிப் பெயர் வைத்தார். இரண்டும் ஒரே சிற்றினம்தான், இடத்துக்கு இடம் நிறம் மாறுகிறது என்று பின்னால் வந்தவர்கள் கண்டார்கள். தென் அமெரிக்காவின் கோய்ப்பு என்னும் நீர்வாழ் கொறிக்கும் பிராணியையும் இதே பேரினத்தில் அவர் சேர்த்திருந்தார். கோய்ப்புக்கு இருபது பற்கள், அதன் உறவினர்களும் வேறு. ஆகவே அதையும் பின்னர் பிரித்துவிட்டார்கள். பெரியவர்களின் பெயர்ப் பட்டியலிலும் அடித்தல் திருத்தல் உண்டு.

இந்த நீரெலி வாழும் விதம் மிக அழகானது. ஆற்றங்கரையில் வளை தோண்டிக் குடியிருக்கும். பெரும்பாலும் அந்தி நேரத்தில்தான் வேட்டைக்குப் புறப்படும். நன்னீர் இறால், மட்டி, சிறு மீன், தவளை, நீர்ப்பூச்சி எல்லாம் அதன் உணவு. பிடித்ததை அங்கேயே தின்னாமல், நீரோரத்தில் தனக்கென்று வைத்திருக்கும் பாறைக்கோ மரக்கட்டைக்கோ கொண்டுபோய் உட்கார்ந்து உண்ணும். அதன் சாப்பாட்டு மேசை என்றே அந்த இடத்தைச் சொல்கிறார்கள். அதைச் சுற்றிக் கிடக்கும் ஓடுகளையும் கால்களையும் கொண்டே ஆற்றில் நீரெலி இருப்பதை ஆராய்ச்சியாளர்கள் கண்டுகொள்கிறார்கள். சாப்பிட்ட இடத்தைச் சுத்தம் செய்யும் பழக்கம் மட்டும் அதற்கு இல்லை. வளர்ந்த நீரெலி ஒரு கிலோ எடையைத் தாண்டுவதும் உண்டு. நம் ஊர்ப் பெருச்சாளியை நினைத்துக்கொண்டால் அளவு புரியும். நீரில் வாழ்ந்தாலும் குளிரைத் தாங்கும் சக்தி அதற்குக் குறைவு. மிகக் குளிர்ந்த நீரில் நெடுநேரம் இருந்தால் உடல் சூடு தணிந்துவிடும். பகல் வெயிலும் ஆகாது. வளைதான் அதற்கு இரண்டிலிருந்தும் அடைக்கலம்.

ஜெஃப்ராய்க்குத் தெரிந்தது டாஸ்மேனியா எலிதான். இப்பேரினத்தின் பெரும்பகுதி வெப்ப மண்டலத்தில், நியூகினியிலும் அதை அடுத்த தீவுகளிலும் இருக்கிறது என்பது அவர் மறைந்து நெடுங்காலத்துக்குப் பின்னரே தெரிய வந்தது. நியூ பிரிட்டன் தீவின் நீரெலிக்கு 1935 இல் பெயரிட்டார்கள். நியூகினி மலைகளில் 3,000 மீட்டருக்கும் மேலான உயரத்தில் ஹபேமா என்னும் ஏரி இருக்கிறது. அதன் பெயரால் அழைக்கப்படும் நீரெலி 1941 இல் அறிவிக்கப்பட்டது. ஹஸ்ஸோனி என்னும் சிறிய நீரெலி 1982 இல் வந்தது, சீக்லரி என்பது 2005 இல் வந்தது. ஷா மேயர் என்பவர் பெயர் கொண்ட மலை நீரெலியை இப்பேரினத்தில் வைப்பதா வேறொன்றில் வைப்பதா என்ற வழக்கும் இருந்து வந்திருக்கிறது. அதனால் சிற்றினங்களின் எண்ணிக்கையை ஒவ்வொருவரும் ஒவ்வொரு விதமாகச் சொல்வார்கள்.

ஆஸ்திரேலியாவின் இன்னொரு புதிரிலும் ஜெஃப்ராயின் கை உண்டு. வாத்து அலகு கொண்ட பிளாட்டிபஸ் என்னும் விலங்கையும் முள்ளெறும்புண்ணியையும் சேர்த்து மோனோட்ரீம் என்ற வரிசையை 1803 இல் அமைத்தவர் அவரே. அவை முட்டையிடும் என்று சாதித்தார். அது சரி என்று 1884 இல் உறுதியானது. அவற்றுக்குப் பால் சுரக்காது என்றும் அதே பிடிவாதத்தோடு சாதித்தார். அது தவறு.

1804 இல் ஜெஃப்ராய் திருமணம் செய்துகொண்டார். அடுத்த ஆண்டு பிறந்த மகன் இசிடோரும் விலங்கியல் அறிஞரானார். 1808 இல் நெப்போலியன் அரசு அவரைப் போர்த்துக்கல் நாட்டுக்கு அனுப்பி அருங்காட்சியகச் செல்வங்களை எடுத்துவரச் சொன்னது. இவர் பாரிசிலிருந்து பெட்டிகளில் மாதிரிகளைக் கொண்டுபோய் அங்கே கொடுத்துவிட்டுத்தான் அங்கிருந்து எடுத்தார். அலெக்சாந்திரியாவில் பறிகொடுக்கவிருந்தவரின் வேதனையை அவரே அறிவார் அல்லவா?

எகிப்திலிருந்தே அவர் உள்ளத்தில் ஓர் எண்ணம் வளர்ந்து வந்தது. மனிதனின் கை, திமிங்கிலத்தின் துடுப்பு, வௌவாலின் சிறகு ஆகியவற்றின் உள்ளே இருப்பவை ஒரே வரிசையில் அமைந்த அதே எலும்புகள். அப்படியானால் எல்லா விலங்குகளையும் படைத்ததில் ஒரே ஒரு திட்டம்தான் இருக்க வேண்டும் என்று அவர் நம்பினார். பல்லே இல்லாத திமிங்கிலத்தின் கருவில் பல் முளைகளைக் கண்டபோது அந்த நம்பிக்கை உறுதிப்பட்டது. 1818 இலும் 1822 இலும் வெளிவந்த தம் நூலில் இதை விளக்கினார். பின்னர் ஒருபடி மேலே போய், சிங்கி இறாலை மல்லாக்கப் புரட்டிப் போட்டால் அதன் உறுப்புகள் முதுகெலும்புள்ள விலங்கைப் போலவே அமைந்திருக்கின்றன என்றார். கேட்டவர்கள் சிரித்தார்கள்.

1827 இல் அவருக்கு வந்த வேலை நம் அனைவருக்கும் பிடிக்கும். எகிப்தின் ஆட்சியாளர் முகம்மது அலி பிரெஞ்சு மன்னர் பத்தாம் சார்லசுக்கு ஒட்டகச்சிவிங்கி ஒன்றைப் பரிசாக அனுப்பினார். மார்செய் துறைமுகத்தில் வந்து இறங்கிய அதைப் பாரிசுக்குக் கொண்டுபோவது எப்படி? நடத்தியே கூட்டிச் செல்வது என்று தீர்மானமாயிற்று. ஐம்பத்தைந்து வயதில், வாத நோயோடு, ஜெஃப்ராய் அதனுடன் நடந்தார். முன்னால் பசு மாடுகள், ஏனெனில் ஒட்டகச்சிவிங்கிக்குப் பால்தான் ஆகாரம். மழைக்கு அதற்கென்றே தைத்த மேலங்கி. மே 20 ஆம் நாள் புறப்பட்டு ஜூன் 30 ஆம் நாள் பாரிசை அடைந்தார்கள். ஏறத்தாழ 880 கிலோமீட்டர். ஊர் ஊராக மக்கள் திரண்டு வந்து பார்த்தார்கள். லியோன் நகரில் மட்டும் முப்பதாயிரம் பேர் கூடினார்களாம். அந்த நெரிசலிலும் இரைச்சலிலும் பத்திரமாகக் கொண்டுவந்து மன்னர் முன் நிறுத்தினார் பேராசிரியர். பாரிஸ் பெண்கள் அந்த ஆண்டு ஒட்டகச்சிவிங்கியைப் போலவே உயரமாகக் கொண்டை போட்டுக்கொண்டார்கள் என்பது தனிக்கதை.

1830 இல் பழைய நண்பர்கள் இருவரும் அறிவியற் கழகத்தில் எதிரெதிரே நின்றார்கள். கணவாயின் உடல் அமைப்பு, முதுகெலும்புள்ள விலங்கை இரண்டாக மடித்தது போன்றது என்று இரு இளைஞர்கள் எழுதிய கட்டுரையை ஜெஃப்ராய் ஆதரித்தார். விலங்குலகம் ஒன்றோடொன்று சேராத நான்கு பெரும் பிரிவுகள் என்பது குவியேயின் கொள்கை. அவர் படங்களோடு வந்து கணவாய்க் கதையைத் துண்டு துண்டாக உடைத்தார். வாதம் வாரக்கணக்கில் நடந்தது. செய்தித்தாள்கள் எழுதின. ஜெர்மனியில் முதிய கவிஞர் கதே அரசியல் செய்திகளைவிட இதையே ஆவலோடு கவனித்தார். வாதத்தில் வென்றவர் குவியே என்றுதான் அன்று பெரும்பாலோர் கருதினார்கள். கணவாயைப் பொறுத்தவரை அது நியாயமான தீர்ப்பே. தாம் அழைத்து வந்து கைதூக்கிவிட்ட நண்பரிடமே தோற்பது எப்படி இருந்திருக்கும் என்று நாம் எண்ணிப் பார்க்கிறோம்.

அதே ஆண்டு ஜூலையில் பாரிசில் மீண்டும் புரட்சி. பேராயர் இல்லத்தைக் கும்பல் ஒன்று சூறையாடியது. பேராயர் கெலன் ஆண்டகை உயிருக்கு அஞ்சி ஒளிய நேரிட்டது. அவருக்குத் தம் வீட்டுக் கதவைத் திறந்து அமைதி திரும்பும்வரை மறைத்துக் காத்தவர் வேறு யாருமல்லர், ஜெஃப்ராய்தான். ஏணி தூக்கிய இரவுக்கும் அந்த நாளுக்கும் இடையே முப்பத்தெட்டு ஆண்டுகள் ஓடியிருந்தன. அரசியலில் அவர் பேராயரின் கட்சி அல்லர் என்பதையும் குறிப்பிட வேண்டும்.

குவியே 1832 இல் இறந்தார். ஜெஃப்ராய் தம் கொள்கையை விடாமல் எழுதிக்கொண்டே இருந்தார். கேட்பவர்கள் குறைந்துகொண்டே போனார்கள். 1840 இல் பார்வை போயிற்று. பிறகு பக்கவாதமும் வந்தது. 1841 இல் பதவியை விட்டு விலக, மகன் இசிடோர் அதே இருக்கையில் அமர்ந்தார். 1844 ஜூன் 19 ஆம் நாள் ஜெஃப்ராய் கண் மூடினார். அவர் நடத்திவந்த ஒட்டகச்சிவிங்கி அவருக்குப் பின் ஏழு மாதம்கூட வாழவில்லை, 1845 ஜனவரியில் இறந்தது. பாடம் செய்த அதன் உடல் லா ரொஷெல் நகர அருங்காட்சியகத்தில் நிற்கிறது.

சிங்கி இறாலை மல்லாக்கப் போட்ட கதைக்கு 1990களில் ஒரு திருப்பம் ஏற்பட்டது. ஈயின் வயிற்றுப் பக்கம் எது, முதுகுப் பக்கம் எது என்று கருவிலேயே வகுக்கும் மரபணுக்களும், தவளைக்கும் எலிக்கும் அதே வேலையைச் செய்யும் மரபணுக்களும் உறவானவை என்று கண்டார்கள். ஆனால் ஒன்றில் வயிற்றுப் பக்கம் வேலை செய்வது மற்றொன்றில் முதுகுப் பக்கம் வேலை செய்கிறது. ஒன்றைப் புரட்டிப் போட்டால் மற்றொன்று! அவர் சொன்னது முழுவதும் சரியல்ல. ஆனால் சிரித்தவர்கள் முழுவதும் சரியல்லர் என்பதும் தெரிந்துபோயிற்று.

நீரெலியின் கதையிலும் ஒரு புது அத்தியாயம் உண்டு. கரும்பை அழிக்கும் வண்டுகளைத் தின்னட்டும் என்று 1935 இல் ஆஸ்திரேலியாவுக்குக் கொண்டுவந்த அமெரிக்கத் தேரைகள் பெருகிப் பரவின. அவற்றின் உடல் முழுதும் நஞ்சு. கடித்த விலங்குகள் மாண்டன. நாட்டின் வடமேற்கே கிம்பர்லிப் பகுதியில் ஓடை ஒன்றின் கரையில் நெஞ்சில் சிறு கீறலோடு தேரைகள் செத்துக் கிடப்பதை ஆராய்ச்சியாளர்கள் கண்டார்கள். நீரெலிதான் தேரையைப் புரட்டிப் போட்டு, நெஞ்சைக் கீறி, நஞ்சுள்ள பித்தப்பையைத் தொடாமல் ஒதுக்கி, இதயத்தையும் ஈரலையும் மட்டும் எடுத்து உண்டிருந்தது. இவ்வாய்வு 2019 இல் வெளிவந்தது. அந்நாட்டு ஆதிக்குடிகளின் மொழியிலிருந்து எடுத்த ரக்காலி என்ற பெயரால் இப்போது அதை மக்கள் அழைக்கிறார்கள். அறிவியல் ஏடுகளில் மட்டும் பொன்வயிற்று நீரெலி என்ற அதன் கிரேக்கப் பெயருக்குப் பின்னால் ஜெஃப்ராய், 1804 என்று அச்சிடுகிறார்கள்.